விமானத்தின் வடிவம் யாருடையது?

கேள்வி: விமானத்தைக் கண்டுபிடித்தவர்கள் ரைட் சகோதரர்கள் என்று படிக்கிறோம். அசையாத இறக்கை, பின்னால் வால் என்ற அமைப்பும் அவர்கள் கண்டதுதானா?

பதில்: இல்லை. அந்த அமைப்பு ரைட் சகோதரர்கள் பறப்பதற்கு நூறாண்டுக்கும் முன்பே வரையப்பட்டுவிட்டது. வரைந்தவர் ஜார்ஜ் கெய்லி. இங்கிலாந்தின் யார்க்‌ஷயர் பகுதியிலுள்ள ஸ்கார்பரோவில் 1773இல் பிறந்தவர். பிராம்ப்டன் என்னும் ஊரில் குடும்பப் பண்ணையைக் கவனித்துக்கொண்டே, வாழ்நாள் முழுவதும் பறத்தலை ஆராய்ந்தார்.

அவருக்கு முன் பறக்க முயன்றவர்கள் பெரும்பாலும் பறவையைப் போல இறக்கையடிக்கவே பார்த்தார்கள். உடலை மேலே தூக்குவது, முன்னே செலுத்துவது என்ற இரண்டு வேலைகளையும் பறவையின் இறக்கை ஒருசேரச் செய்கிறது. மனிதனின் தசைகளுக்கு அந்த வலு இல்லை. இரண்டு வேலைகளையும் பிரித்துவிட்டால் என்ன என்று கெய்லி யோசித்தார். தூக்குவதற்கு அசையாத இறக்கை; செலுத்துவதற்குத் தனியாக ஒரு கருவி. அசையாத இறக்கை கொண்ட விமானத்தின் அமைப்பு இந்த ஒரு பிரிவினையின் மேல்தான் நிற்கிறது. 1799இல் ஒரு சிறிய வெள்ளித் தகட்டின் ஒரு பக்கத்தில் அத்தகைய ஊர்தியின் படத்தையும், மறுபக்கத்தில் இறக்கையின் மேல் செயல்படும் விசைகளின் படத்தையும் அவர் பொறித்தார். அந்தத் தகடு லண்டன் அறிவியல் அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

படம் வரைந்ததோடு அவர் நிற்கவில்லை. 1804இல், சுழலும் நீண்ட கையொன்றின் நுனியில் தட்டையான பரப்பைப் பொருத்தி, அதைப் பல கோணங்களில் சாய்த்துச் சுழற்றி, காற்று எவ்வளவு தூக்குகிறது என்று அளந்தார். அதே ஆண்டில் ஒரு மாதிரி கிளைடரையும், அதாவது எஞ்சின் இல்லாமல் காற்றில் மிதந்து செல்லும் ஊர்தியின் மாதிரியையும், செய்தார். முன்னால் பட்டம் போன்ற இறக்கை. பின்னால், வேண்டியபடி திருப்பி வைக்கக்கூடிய சிலுவை வடிவ வால். இன்றைய விமானத்தின் உருவம் அதிலேயே தெரிகிறது. ஆய்வு முடிவுகளை 1809, 1810ஆம் ஆண்டுகளில் நிக்கல்சன் என்பவர் நடத்திய அறிவியல் இதழில் மூன்று பகுதிகளாக வெளியிட்டார். இறக்கைகள் நுனியை நோக்கிச் சற்று உயர்ந்திருந்தால் ஊர்தி பக்கவாட்டில் கவிழாது என்பதும், வளைந்த இறக்கை தட்டையான இறக்கையைவிட நன்றாகத் தூக்கும் என்பதும் அவருக்குத் தெரிந்திருந்தன.

எஞ்சின்தான் கிடைக்கவில்லை. அக்கால நீராவி எஞ்சின் பறப்பதற்குத் தாங்காத எடை. வெடிமருந்தால் இயங்கும் எஞ்சினை அவரே செய்து பார்த்தார்; வெப்பக்காற்று எஞ்சினிலும் பல ஆண்டுகள் உழைத்தார். இரண்டும் பறக்கப் போதவில்லை. எடையைக் குறைக்கும் தேடலில் வேறொன்று கிடைத்தது: இழுத்துக் கட்டிய கம்பிகளால் விளிம்பைத் தாங்கும் இலேசான சக்கரம். 1808இல் தம் பறக்கும் ஊர்திக்காக அவர் யோசித்த அந்த முறையில்தான் இன்றைய சைக்கிள் சக்கரமும் அமைந்திருக்கிறது.

நடுவில் பல வேலைகள் அவரை இழுத்தன. ஸ்கார்பரோ தொகுதியின் நாடாளுமன்ற உறுப்பினராக இருந்தார். லண்டனில் பாலிடெக்னிக் நிறுவனம் தோன்றத் துணைநின்றார். முதுமையில் மீண்டும் கிளைடருக்கே திரும்பினார். 1849இல் சுமார் பத்து வயதுச் சிறுவன் ஒருவன் அவருடைய கிளைடரில் அமர்ந்து, மலைச்சரிவில் சில கெஜ தூரம் தரையைவிட்டு எழும்பினான். 1853இல், கெய்லிக்கு 79 வயதானபோது, அவருடைய பணியாளர் ஒருவர், வண்டிக்காரர் என்று சொல்லப்படுபவர், பிராம்ப்டன் பள்ளத்தாக்கைக் கிளைடரில் கடந்தார். இறங்கியதும், வண்டி ஓட்டத்தான் சம்பளம், பறப்பதற்கு இல்லை என்று சொல்லி அவர் வேலையை விட்டதாகக் கெய்லியின் குடும்பத்தில் ஒரு கதை உண்டு. கதை எப்படியிருந்தாலும், வயதுவந்த மனிதர் ஒருவர் அசையாத இறக்கையில் பறந்த மிகப் பழைய நிகழ்வுகளில் அது ஒன்று.

கெய்லி 1857 டிசம்பரில் காலமானார். எஞ்சின் பூட்டி, ஊர்தியை வானில் தம் விருப்பப்படி திருப்பி ஓட்டிய பெருமை ரைட் சகோதரர்களுக்கே உரியது. ஆனால் விமானம் எந்த வடிவில் இருக்க வேண்டும் என்பதைக் கண்டவர் கெய்லி. பறத்தல் அறிவியலை அதுவரை எட்டாத இடத்துக்கு அவர் கொண்டுசென்றார் என்று வில்பர் ரைட்டே 1909இல் சொல்லியிருக்கிறார்.