மீனின் சுவையில் ஒரு கடிகாரம்

ஜப்பானின் தலைநகரான டோக்கியோவில் 'சுவைநடை' என்று சொல்லத்தக்க ஒரு வழக்கம் உண்டு. வழிகாட்டி ஒருவர் சிறு குழுவை அழைத்துக்கொண்டு மீன்கடைத் தெருக்களில் நடப்பார். ஒரு கடையில் ஒரு துண்டு சூரை மீன், அடுத்த கடையில் சுட்ட சிப்பி என்று சுவைத்துக்கொண்டே, அது எங்கே பிடிபட்டது, எப்படி வந்து சேர்ந்தது என்பதையும் கேட்டறிவார்கள். த்ஸுகிஜி என்ற இடத்தில் இருந்த மாபெரும் மொத்த விற்பனைச் சந்தை 2018 அக்டோபரில் டோயோசுவுக்கு இடம் பெயர்ந்தது. ஆயினும் பழைய இடத்தைச் சுற்றியுள்ள கடைத் தெருக்களில் இந்த நடை இன்றும் தொடர்கிறது.

இத்தகைய நடைக்கு நாம் ஜப்பானுக்குத்தான் போக வேண்டும் என்பதில்லை. தாம்பரத்திலிருந்து வண்டலூர், கேளம்பாக்கம் வழியாகக் கிழக்கே சென்றால் கோவளம் வந்துவிடும். அங்கே படகு கரையேறும் மணல், மீன் விற்கும் இடம், பொரித்துத் தரும் கடை ஆகிய மூன்றும் ஒரு நடைக்குள் அடங்கிவிடுகின்றன. விடுமுறை நாளில் காலையிலேயே பெற்றோருடனோ ஆசிரியருடனோ புறப்படுங்கள். ஒவ்வோர் இடத்திலும் ஒரே ஒரு கேள்வியை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்: "இந்த மீன் இறந்து எவ்வளவு நேரம் ஆயிற்று? அந்த நேரத்தை அது எந்த வெப்பநிலையில் கழித்தது?" மீனின் சுவை என்பது பெரும்பாலும் இந்தக் கேள்விக்கான விடைதான்.

கடிகாரம் ஓடத் தொடங்கும் இடம்

முதலில் கரைக்குப் போவோம். கண்ணாடியிழைப் படகு மணலில் ஏறியதும் வலையை உதறி மீனைப் பிரிக்கிறார்கள். சங்கரா, நெத்திலி, கானாங்கெளுத்தி, இறால், நண்டு என்று வகை வகையாகக் கூடையில் விழுகின்றன.

உயிருள்ள மீனின் தசை இயங்குவதற்கு ஏ.டி.பி. என்ற வேதிப்பொருள் ஆற்றல் தருகிறது. மீன் இறந்ததும் அதன் உற்பத்தி நின்றுபோகிறது, இருப்பு குறைகிறது. ஏ.டி.பி. தீர்ந்ததும் தசை நார்கள் ஒன்றையொன்று பற்றிக்கொண்டு விடுபட மாட்டாமல் நிற்கின்றன. உடல் விறைக்கிறது. தலையைப் பிடித்துக் கிடையாகத் தூக்கினால் வால் தொங்காமல் பலகைபோல் நிற்கும் மீன், இறந்து அதிக நேரம் ஆகாத மீன். சில மணி நேரங்களுக்குப் பின் மீனின் சொந்த நொதிகளே தசையைச் சிதைக்க, விறைப்பு நீங்கி உடல் தளர்கிறது.

வலையில் நெடுநேரம் துடித்த மீன் தன் ஏ.டி.பி.யை உயிரோடிருக்கும்போதே செலவிட்டுவிடும். விரைவில் விறைத்து, விரைவில் தளரும். ஜப்பானிய மீனவர்கள் பிடித்தவுடன் மீனின் மூளையில் கூரிய முள்ளைச் செலுத்தித் துடிப்பை நிறுத்துவதற்கு இதுவே காரணம். 'இகெஜிமே' என்பது அந்த முறையின் பெயர்.

"செவுளத் தூக்கிப் பாரு கண்ணு" என்று மீன்கார அம்மா சொல்வார் அல்லவா? அதற்கும் அறிவியல் உண்டு. செவுளில் உள்ள குருதியின் ஹீமோகுளோபின் நேரம் செல்லச் செல்ல ஆக்சிஜனேற்றம் அடைந்து சிவப்பிலிருந்து பழுப்பாகிறது. கண்ணும் அப்படியே. புதிய மீனின் கண் தெளிவாகப் புடைத்திருக்கும். பழையதன் கண் மங்கிக் குழிந்திருக்கும். விரலால் அழுத்தினால் குழி உடனே நிரம்ப வேண்டும். செவுள், கண், சதை ஆகிய மூன்றும் நம் கடிகாரத்தின் முட்கள்.

கடிகாரத்தை மெதுவாக்கும் கட்டி

அடுத்து ஐஸ் பெட்டியின் அருகே நிற்போம். நொதிகளின் வேலையும் நுண்ணுயிர்களின் பெருக்கமும் வெப்பநிலையைப் பொறுத்தவை. ஐஸில் 0 டிகிரி செல்சியஸில் வைத்த மீன் ஒரு நாளில் கெடும் அளவுக்கு, 10 டிகிரியில் வைத்த மீன் ஏறத்தாழ கால் நாளிலேயே கெட்டுவிடும். நம் கரையின் 30 டிகிரியில் நிலைமை என்னவாகும் என்று நீங்களே ஊகித்துக்கொள்ளலாம்.

குளிர்விக்க ஏன் ஐஸ்? குளிர்ந்த நீர் போதாதா? கணக்குப் போட்டுப் பார்ப்போம். மீனின் தன்வெப்பம் கிலோகிராமுக்கு, டிகிரிக்கு ஏறத்தாழ 3.5 கிலோஜூல். ஒரு கிலோ மீனை 30 டிகிரியிலிருந்து 0 டிகிரிக்குக் கொண்டுவர நீக்க வேண்டிய வெப்பம்:

1 × 3.5 × 30 = 105 கிலோஜூல்

ஒரு கிலோ ஐஸ் 0 டிகிரியிலேயே உருகி நீராவதற்கு 334 கிலோஜூல் வெப்பத்தை எடுத்துக்கொள்கிறது. இதுவே உருகுதலின் உள்ளுறை வெப்பம். ஆகவே நமக்குத் தேவையான ஐஸ் 105 ÷ 334, அதாவது ஏறத்தாழ 310 கிராம். இதே வேலையை 0 டிகிரி நீரைக்கொண்டு செய்து, நீரின் வெப்பநிலை ஒரு டிகிரிக்கு மேல் ஏறக் கூடாது என்றால் 25 கிலோ நீர் வேண்டும்!

ஆனால் 310 கிராம் என்பது மீனைக் குளிர்விக்க மட்டுமே. வெளிக்காற்றின் வெப்பம் பெட்டிக்குள் புகுந்துகொண்டே இருக்கும். அதையும் ஐஸ் ஈடுகட்ட வேண்டும். எனவேதான் வெப்ப நாடுகளில் மீனின் எடைக்குச் சமமான எடை ஐஸ் இடுவது நல்ல வழக்கம். ஐஸுக்கு மற்றொரு சிறப்பும் உண்டு. உருகிய நீர் 0 டிகிரியில் மீன்களின் இடுக்குகளில் வழிந்தோடி எல்லாப் பக்கமும் தொடுகிறது. மீனின் தசை உறைவதற்கு 0 டிகிரிக்குச் சற்றுக் கீழே போக வேண்டுமாதலால், உருகும் ஐஸில் மீன் உறையாமலே குளிர்கிறது.

பெரிய மீனில் ஒரு சிக்கல் இருக்கிறது. தடிப்பு இரு மடங்கானால், நடுப்பகுதி குளிர எடுக்கும் நேரம் நான்கு மடங்காகிறது. நெத்திலி நிமிடங்களில் குளிரும். பெரிய சூரை மீனோ, வெளித்தோல் சில்லிட்ட பிறகும் உள்ளே நெடுநேரம் வெதுவெதுப்பாகவே இருக்கும். அதன் வயிற்றைத் திறந்து குடலை நீக்கி உள்ளேயும் ஐஸ் நிரப்பினால்தான் சரி. இதை நினைவில் வையுங்கள், பின்னால் தேவைப்படும்.

மூக்குக்கு ஒரு சோதனை

இப்போது கடைக்கு வருவோம். புத்தம் புதிய மீனுக்கு 'மீன் நாற்றம்' கிடையாது. பின் அந்த நாற்றம் எங்கிருந்து வருகிறது?

கடல் மீன்களின் தசையில் டிரைமெத்தில் அமீன் ஆக்சைடு என்ற பொருள் இருக்கிறது. இதற்கு மணமில்லை. மீன் இறந்தபின் பாக்டீரியாக்கள் இதை டிரைமெத்தில் அமீனாக மாற்றுகின்றன. இதன் கொதிநிலை ஏறத்தாழ 3 டிகிரிதான்! எனவே நம் ஊர் வெப்பத்தில் எளிதில் ஆவியாகி மூக்கை எட்டிவிடுகிறது. சுறாவிலும் திருக்கையிலும் இதோடு யூரியாவும் மிகுதியாக இருப்பதால், பழகிய மீனில் அமோனியா நெடி அடிக்கும்.

அமீன்கள் காரத்தன்மை கொண்டவை. அமிலத்தோடு சேர்ந்தால் ஆவியாகாத உப்பாகிவிடும். நம் பாட்டிமார் மீன் குழம்புக்குப் புளி கரைத்ததும், வறுத்த மீனுக்கு எலுமிச்சை பிழிந்ததும் இந்த வேதிவினையே. புளியில் டார்டாரிக் அமிலமும் எலுமிச்சையில் சிட்ரிக் அமிலமும் இருக்கின்றன. ஆனால் கவனியுங்கள்: புளி நாற்றத்தைக் கட்டுப்படுத்துமே தவிர, கெட்ட மீனை நல்ல மீனாக்காது.

நாக்குக்கு ஒரு விருந்து

தட்டு வந்துவிட்டது. முதலில் இறால். அதில் ஒரு மெல்லிய இனிப்பு தெரிகிறதா? கடல்நீரில் ஏறத்தாழ 3.5 விழுக்காடு உப்பு உண்டு. அந்த உப்பு நீர் தன் செல்களிலிருந்து நீரை உறிஞ்சிவிடாமல் இருக்க, இறால் தன் தசையில் கிளைசின் போன்ற அமினோ அமிலங்களைச் சேர்த்து வைக்கிறது. கிளைசின் இனிக்கும் பொருள். சவ்வூடு பரவலைச் சமாளிக்க இறால் செய்துகொண்ட ஏற்பாடு, நமக்குச் சுவையாகிறது.

அடுத்து நண்டு. உயிரோடிருக்கும்போது நீலமும் பச்சையுமாக இருந்த ஓடு, வெந்ததும் சிவந்துவிட்டதே! ஓட்டில் அஸ்டாசாந்தின் என்ற சிவப்பு நிறமி எப்போதும் உண்டு. ஒரு புரதம் அதைப் பற்றிக்கொண்டு நீலமாகக் காட்டுகிறது. சூட்டில் புரதம் சிதைந்ததும் நிறமி தன் சொந்த நிறத்தைக் காட்டுகிறது.

இனி மீன். 1908-இல் கிக்குனே இக்கேடா என்ற ஜப்பானிய வேதியியலார், கடற்பாசிச் சாற்றின் தனிச் சுவைக்கு குளுட்டாமிக் அமிலமே காரணம் என்று கண்டு, அச்சுவைக்கு 'உமாமி' என்று பெயரிட்டார். 1913-இல் அவருடைய மாணவர் கொடாமா, சூரைக் கருவாட்டின் சுவைக்கு இனோசினேட் என்ற பொருள் காரணம் என்றார். நம் கடிகாரத்தோடு இது நேரே இணைகிறது! ஏ.டி.பி. படிப்படியாகச் சிதையும்போது நடுவே உண்டாவதுதான் இனோசினேட். அதுவும் சிதைந்தால் கடைசியில் கசப்பான ஹைப்போசாந்தின் மிஞ்சும். ஆகவே மீனின் சுவை ஏறி, நின்று, பிறகு இறங்குகிறது. 1959-இல் ஜப்பானிய அறிஞர்கள் இச்சிதைவை அளந்து 'கே மதிப்பு' என்ற புதுமை அளவுகோலையே வகுத்தார்கள். பச்சையாக உண்ணும் மீனில் அது 20 விழுக்காட்டுக்குள் இருப்பதை அங்கே விரும்புகிறார்கள்.

குளுட்டாமேட்டும் இனோசினேட்டும் சேர்ந்தால் சுவை கூட்டல் கணக்கில் அல்லாமல் பல மடங்காகப் பெருகும். பழுத்த தக்காளியில் குளுட்டாமேட் உண்டு. மீனில் இனோசினேட் உண்டு. தக்காளி போட்ட மீன் குழம்பு ஏன் ருசிக்கிறது என்று இப்போது புரிகிறதா? மாலத்தீவிலும் மினிக்காயிலும் செய்யப்படும் மாசிக் கருவாடும், ஜப்பானியரின் சூரைக் கருவாடும் ஒரே இன மீனை அவித்து, புகையூட்டி, உலர்த்திச் செய்பவையே.

நாக்குக்கும் மூக்குக்கும் எட்டாதது

நடையின் மிக முக்கியமான பாடம் இது. சூரை, கானாங்கெளுத்தி, மத்தி போன்ற மீன்களின் தசையில் ஹிஸ்டிடின் என்ற அமினோ அமிலம் அதிகம். இவை ஐஸ் இல்லாமல் வெப்பத்தில் கிடந்தால் சில பாக்டீரியாக்கள் அதை ஹிஸ்டமினாக மாற்றிவிடும். ஹிஸ்டமின் மிகுந்த மீனைத் தின்றால் சில நிமிடங்களிலிருந்து சில மணி நேரத்துக்குள் முகம் சிவக்கும், தலை வலிக்கும், தடிப்பும் அரிப்பும் வரும். பலர் இதை 'எனக்கு மீன் ஒத்துக்கொள்ளாது' என்று தவறாக எண்ணிவிடுவார்கள்.

இதில் ஆபத்து என்னவென்றால், ஹிஸ்டமின் உள்ள மீன் பார்க்கவும் முகரவும் நன்றாகவே இருக்கக்கூடும். கொதிக்க வைத்தாலும், பொரித்தாலும், உறைய வைத்தாலும் ஹிஸ்டமின் அழியாது. பாக்டீரியாவைக் கொல்லும் சூடு, அது ஏற்கெனவே உண்டாக்கிய நஞ்சைத் தொடுவதில்லை. உள்ளே மெதுவாகக் குளிரும் பெரிய சூரைக்கு வயிற்றில் ஐஸ் நிரப்ப வேண்டும் என்றோமே, அதன் முழுப்பொருள் இதுதான். இங்கே நம் புலன்கள் கைவிடும். காப்பாற்றுவது ஐஸ் ஒன்றே. மீன் வாங்கும்போது விலையை மட்டும் கேட்காமல் "அக்கா, பிடித்ததிலிருந்து ஐஸில் இருந்ததா?" என்றும் கேளுங்கள். ஐஸ் செலவைத் தாங்கி மீனைக் காத்து விற்பவர் சற்றுக் கூடுதலாகச் சொன்னால், அந்தத் தொகை நம் உடல்நலத்துக்கான விலை.

வீடு திரும்பும் வழியிலும் கடிகாரம் நிற்பதில்லை. பிளாஸ்டிக் பையில் தொங்கவிட்டு வெயிலில் ஒரு மணி நேரம் பயணம் செய்தால், கரையில் காத்த புதுமை வழியில் போய்விடும். மூடியுள்ள பாத்திரத்தில் ஐஸ் துண்டுகளுக்கு நடுவே மீனைப் புதைத்துக் கொண்டு வாருங்கள்.

செய்து பாருங்கள்

1. ஒரே அளவான இரண்டு பாட்டில்களில் வெதுவெதுப்பான நீரை நிரப்புங்கள். ஒன்றை ஐஸ் துண்டுகளின் மேல் கிடத்துங்கள்; மற்றதை ஐஸுக்குள் முழுதும் புதையுங்கள். 5 நிமிடத்துக்கு ஒருமுறை இரண்டின் வெப்பநிலையையும் குறித்து வரைபடம் வரையுங்கள். மீனை ஐஸின் மேல் அடுக்குவது சரியா, ஐஸுக்குள் புதைப்பது சரியா என்று கூறுங்கள்.

2. 32 டிகிரியில் உள்ள 2 கிலோ மீனை 0 டிகிரிக்குக் குளிர்விக்க மட்டும் எவ்வளவு ஐஸ் தேவை? (விடை: ஏறத்தாழ 670 கிராம்.) தாம்பரம் வரை கொண்டுவர இதைவிடக் கூடுதலாக ஐஸ் வேண்டும். ஏன்?