காலி ஏற்பியைக் கவனி

அன்புத் தம்பிக்கு,

பட்டாசுத் தொழில் நடக்கும் நாரணாபுரத்துப் பிள்ளை நீ. மூலக்கூறு உயிரியல் ஆய்வுக்குத் தைராய்டு ஹார்மோன் ஏற்பியை எடுத்துக்கொள்ளலாமா என்று கேட்டிருந்தாய். தயங்காமல் எடு.

பேன்சி ரகப் பட்டாசுகளின் மருந்தில் சேரும் பெர்குளோரேட் மண்ணில் ஒட்டாது. மழைத்தண்ணீரோடு நிலத்தடிக்கு இறங்கிவிடும். தென்னிந்தியப் பட்டாசு ஆலைப் பகுதியின் நிலத்தடி நீரில் அது கலந்திருப்பது பற்றி 2013இல் ஆய்வுக் கட்டுரையே வந்திருக்கிறது. உடம்புக்குள் போனால், தைராய்டு சுரப்பி அயோடைடை உள்ளிழுப்பதை அது தடுக்கும். 1950களில் தைராய்டு மிகையாகச் சுரந்தவர்களுக்கு இதே உப்பைத்தான் மருந்தாகக் கொடுத்தார்கள்.

ஹார்மோன் குறையும் என்பதோடு பலர் நிறுத்திவிடுகிறார்கள். நீ அங்கிருந்துதான் தொடங்க வேண்டும்.

மனிதருக்கு அணுக்கரு ஏற்பிகள் 48. அவற்றில் குளுக்கோகார்ட்டிகாய்டு ஏற்பி, ஹார்மோன் வந்த பிறகே அணுக்கருவுக்குள் போகும். தைராய்டு ஏற்பி அப்படியல்ல. ஹார்மோன் இருந்தாலும் இல்லாவிட்டாலும் டிஎன்ஏ மேல் உட்கார்ந்திருக்கும். அதன் இரண்டு துத்தநாக விரல்களில் ஒவ்வொரு துத்தநாக அணுவையும் நான்கு சிஸ்டீன்கள் பிடித்திருக்கின்றன. முதல் விரலின் சுருள் டிஎன்ஏவின் அகன்ற பள்ளத்தில் இறங்கி ஏஜிஜிடிசிஏ என்ற ஆறு எழுத்துகளை அடையாளம் காணும். அந்த ஆறும் இருமுறை வர வேண்டும். நடுவில் நான்கு எழுத்து இடைவெளி. ஒரு பாதியில் ஆர்எக்ஸ்ஆர் என்ற கூட்டாளி, மறுபாதியில் நம்முடையது. இடைவெளி மூன்றானால் வைட்டமின் டி ஏற்பிக்கு, ஐந்தானால் ரெட்டினாயிக் அமில ஏற்பிக்கு என்று 1991இல் உமெசோனோவும் எவன்ஸும் காட்டினார்கள். ஓர் எழுத்து கூடினாலோ குறைந்தாலோ ஆளே மாறுகிறது! எத்தனை முறை படித்தாலும் எனக்கு வியப்பு தீரவில்லை.

ஹார்மோன் இல்லாத ஏற்பி, அடக்கும் புரதங்களைக் கூட்டிவந்து மரபணுவை மூடி வைக்கும். டி3 என்ற தைராய்டு ஹார்மோன் வந்து பிணைந்ததும் அவை விலகி, தூண்டும் புரதங்கள் வரும். பிறவியிலேயே தைராய்டு ஹார்மோன் இல்லாத எலிக்குட்டிகள் பால் மறக்கும் வயதில் செத்துப்போகும். தைராய்டு ஏற்பியின் ஆல்ஃபா வகையையும் நீக்கினால் பிழைத்துக்கொள்ளும். 2002இல் வெளியான முடிவு இது. அந்தக் குட்டிகளுக்குக் கேடு செய்தது வெறும் பற்றாக்குறை மட்டுமல்ல, காலியாக உட்கார்ந்திருந்த ஏற்பியும்தான். உன் ஆய்வுக்குக் கரு இதுவே.

செல் வளர்க்கும் கன்றுச் சீரத்திலேயே தைராய்டு ஹார்மோன் உண்டு. அதை நீக்கிய சீரத்தில் வளர்த்தாலொழிய காலி ஏற்பியை நீ பார்க்கவே முடியாது. ஏற்பி டிஎன்ஏவைப் பிடிக்கிறதா என்று பார்க்க ஜெல் ஓட்டும்போது, இடைவெளியை மூன்றாகவும் ஐந்தாகவும் மாற்றிய துண்டுகளையும் கூடவே ஓட்டு. ஈரல் செல்லில் பெர்குளோரேட்டை ஊற்றிவிட்டு எதுவும் மாறவில்லையே என்று சோர்ந்துவிடாதே; அது வேலை செய்யும் இடம் சுரப்பி.

ஊரில் தண்ணீர் மாதிரி எடுக்கும்போது, அதைக் குடிப்பவர்களின் சிறுநீர் அயோடினையும் சேர்த்து அள. அயோடின் குறைந்தவரையும் போதிய அளவு உள்ளவரையும் பெர்குளோரேட் ஒரேமாதிரி பாதிக்காது. கர்ப்பிணிகளைத் தனியாகக் கவனி. வயிற்றுப் பிள்ளையின் மூளை தொடக்க மாதங்களில் தாயின் ஹார்மோனை நம்பித்தான் வளர்கிறது. தண்ணீரில் இருக்கிறது என்பதாலேயே நோய் வந்துவிட்டது என்று எழுதிவிடாதே. முடிவு எதுவானாலும், கட்டுரையை அனுப்புவதற்கு முன் மாதிரி கொடுத்த வீடுகளுக்குப் போய்ச் சொல்லிவிடு.

அன்புடன்,
உன் அண்ணன்