வேலை உரிமைக்கு வாதாடிய அன்னா சாண்டி

ஒரே வேலை. ஒரே நேரம். ஆணுக்கு ஒரு கூலி. பெண்ணுக்கு அதைவிடக் குறைந்த கூலி. இது சரியா?

"உனக்குத்தான் கல்யாணம் ஆகிவிட்டதே, இனி வேலை எதற்கு?" என்று கேட்கிறார்கள். இது நியாயமா?

திறமையைப் பார்க்காமல், ஆண் பெண் என்று பிரித்துப் பார்ப்பது பாகுபாடு. இந்தப் பாகுபாட்டை எதிர்த்து வாதாடிய ஒரு பெண்ணைப் பற்றிப் படிப்போம்.

படிப்பு

அவர் பெயர் அன்னா சாண்டி. 1905ஆம் ஆண்டு பிறந்தார். திருவனந்தபுரத்தில் வளர்ந்தார். அப்போது இந்த ஊர் திருவிதாங்கூர் மன்னர் ஆட்சியில் இருந்தது. பெண்கள் சட்டம் படிப்பதே அபூர்வம். அன்னா சட்டம் படித்தார். 1926இல் பட்டம் பெற்றார். கேரளத்தில் சட்டப் பட்டம் பெற்ற முதல் பெண் அவர்தான்.

ஒரு விவாதம்

1928ஆம் ஆண்டு. திருவனந்தபுரத்தில் ஒரு பொதுக்கூட்டம் நடந்தது. அரசு வேலையில் பெண்களுக்கு இடம் ஒதுக்கலாமா என்று விவாதம் வந்தது. டி.கே. வேலுப்பிள்ளை என்ற அறிஞர் பேசினார். மணமான பெண்கள் வேலைக்குப் போனால் குடும்பக் கடமை கெட்டுவிடும் என்றார்.

அன்னா பதில் சொல்ல எழுந்தார். நீதிமன்றத்தில் வாதாடுவது போலப் பேசினார். வேலுப்பிள்ளை சொன்ன ஒவ்வொரு காரணத்தையும் எடுத்து மறுத்தார். பெண் வீட்டு வேலைக்காக மட்டும் பிறந்தவள் அல்ல என்பதே அவர் வாதம்.

பிறகு அவர் வழக்கறிஞர் தொழில் செய்தார். குற்ற வழக்குகளில் பெயர் பெற்றார். 'ஸ்ரீமதி' என்ற பெண்கள் பத்திரிகையையும் நடத்தினார். 1932 முதல் 1934 வரை ஸ்ரீமூலம் சபையில் உறுப்பினராக இருந்தார்.

நீதிபதி

1937இல் திருவிதாங்கூர் திவானாக இருந்தவர் சர் சி.பி. இராமசாமி ஐயர். அப்போது அன்னா முன்சீப் ஆனார். முன்சீப் என்றால் கீழ் நீதிமன்ற நீதிபதி. இந்தியாவிலேயே முதல் பெண் நீதிபதி அவர்தான். 1948இல் மாவட்ட நீதிபதி ஆனார். 1959இல் கேரள உயர் நீதிமன்ற நீதிபதி ஆனார். அவருக்கு முன் இந்தியாவில் எந்தப் பெண்ணும் அந்தப் பதவியில் அமர்ந்ததில்லை. 1967 வரை பணி செய்தார். 1996இல் காலமானார்.

மணமான பெண்ணால் வேலை பார்க்க முடியுமா என்று கேட்டார்கள். அன்னா மணமானவர், ஒரு பிள்ளைக்குத் தாய். வேலை செய்தே பதில் சொன்னார்.

வாதம் முடியவில்லை

நாடு சுதந்திரம் அடைந்தது. ஆனாலும் அதே பழைய கருத்து அரசு விதிகளில் இருந்தது. மணமான பெண் வெளிநாட்டுத் தூதர் பணியை உரிமையாகக் கேட்க முடியாது என்று ஒரு விதி. அந்தப் பணியில் சேர்ந்த முதல் பெண் சி.பி. முத்தம்மா. அவர் வழக்குப் போட்டார். 1979இல் உச்ச நீதிமன்றம் அந்த விதியைக் கண்டித்தது. தீர்ப்பு எழுதியவர் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர். விதியை நீக்கிவிடுவதாக அரசு சொன்னது.

கூலிக்கும் வழக்கு நடந்தது. ஒரு கம்பெனியில் சுருக்கெழுத்து வேலை செய்த பெண்களுக்கு, அதே வேலை செய்த ஆண்களைவிடச் சம்பளம் குறைவு. 1987இல் உச்ச நீதிமன்றம் பெண்கள் பக்கம் தீர்ப்புச் சொன்னது. ஒரே மாதிரி வேலைக்கு ஒரே சம்பளம் என்பது 1976இல் சட்டம் ஆனது. இப்போது அது 2019ஆம் ஆண்டின் ஊதியச் சட்டத் தொகுப்பில் சேர்க்கப்பட்டுள்ளது.

நாம் என்ன செய்யலாம்?

நீங்கள் இப்போது எழுதப் படிக்கத் தெரிந்தவர். ஒரு நோட்டு வாங்குங்கள். தேதி, செய்த வேலை, வாங்கிய கூலி மூன்றையும் தினமும் எழுதுங்கள். படித்துப் பார்க்காமல் எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள். கூலியில் பாகுபாடு இருந்தால் தொழிலாளர் அலுவலகத்தில் மனுக் கொடுங்கள். அந்த நோட்டு உங்களுக்குத் துணை நிற்கும்.

வக்கீலுக்குப் பணம் இல்லையா? கவலை வேண்டாம். பெண்களுக்கு, வருமானம் எவ்வளவு இருந்தாலும், இலவச சட்ட உதவி உண்டு. வலியசாலையில் இருப்பவர்கள் வஞ்சியூர் நீதிமன்ற வளாகத்துக்குப் போகலாம். மாவட்ட சட்டப் பணிகள் ஆணையம் அங்கே இருக்கிறது. 15100 என்ற எண்ணில் போன் செய்தும் கேட்கலாம்.

பயிற்சி

1. பாகுபாடு என்றால் என்ன?
2. 1928 கூட்டத்தில் அன்னா எதை மறுத்துப் பேசினார்?
3. கோடிட்ட இடத்தை நிரப்புக: அன்னா சாண்டி ______ஆம் ஆண்டு முன்சீப் ஆனார்.
4. உங்கள் வேலை இடத்தில் ஆணுக்கும் பெண்ணுக்கும் கூலி ஒன்றா? கேட்டு எழுதுங்கள். வகுப்பில் படித்துக் காட்டுங்கள்.