கல்லை எறிந்தால் படகு நகரும்

திருவிழாக் கடைகளில் விற்கும் தகரப் படகை நீங்கள் பார்த்திருப்பீர்கள். அகன்ற தாம்பாளத்தில் தண்ணீர் ஊற்றி, அதில் அந்தப் படகை வட்டமடிக்க விட்டிருப்பார் கடைக்காரர். ‘டப், டப், டப்’ என்று சத்தமிட்டுக்கொண்டே அது ஓடும். ஆசையோடு வாங்கி வந்து உள்ளே என்ன இருக்கிறது என்று பார்த்தால் ஏமாற்றமாக இருக்கும். சாவி இல்லை, பல்சக்கரம் இல்லை, விசிறியும் இல்லை. ஒரு சிறு தகரக் கொப்பரை. அதிலிருந்து பின்புறமாக வந்து நீருக்குள் முடியும் இரண்டு மெல்லிய குழாய்கள். கொப்பரைக்கு அடியில் ஓர் எண்ணெய்த் திரி. அவ்வளவுதான்.

திரியின் சூட்டில் கொப்பரையிலுள்ள நீர் ஆவியாகிறது. ஆவி விரிந்து குழாய்களிலுள்ள நீரைப் பின்னோக்கிப் பீச்சுகிறது. குழாய்க்குள் நுழைந்த ஆவி குளிர்ந்து சுருங்குகிறது. உடனே வெளி நீர் மறுபடி உள்ளே ஏறுகிறது. வினாடிக்குப் பல முறை இது நடக்கிறது. நீர் பின்னால் பாய்வதால் படகு முன்னே போகிறது என்பது சரி. ஆனால் அதே நீர் உள்ளே வரும்போது படகு பின்னே போக வேண்டாமா? முன்னே ஒரு குதி, பின்னே ஒரு குதி என்று நின்ற இடத்திலேயே ஆடிக்கொண்டிருக்க வேண்டிய படகு ஏன் ஓடுகிறது? கேள்வியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். அதற்கு முன் இன்னொரு படகில் ஏறுவோம்.

அமைதியான ஏரி. நடுவில் ஒரு படகு. அதில் நீங்களும் ஒரு குவியல் கல்லும். துடுப்பு தொலைந்துவிட்டது. படகு, நீங்கள், கற்கள் எல்லாம் சேர்ந்து 200 கிலோகிராம் என்று கொள்வோம். 4 கிலோகிராம் கல் ஒன்றை எடுத்து, படகின் பின்பக்கமாக வினாடிக்கு 5 மீட்டர் வேகத்தில் எறிகிறீர்கள். நிறையையும் திசைவேகத்தையும் பெருக்கினால் கிடைப்பது உந்தம். கல் பெற்ற உந்தம் 20 அலகு. எறியுமுன் மொத்த உந்தம் சுழி. எறிந்த பின்னும் அது சுழியாகவே இருக்க வேண்டும். ஆகவே படகு முன்னோக்கி அதே 20 அலகைப் பெறுகிறது. வேகம் வினாடிக்கு ஏறத்தாழ 10 சென்டிமீட்டர். நீரின் தடையை மறந்துவிட்டால், பத்துக் கற்களை எறிந்த பிறகு வினாடிக்கு ஒரு மீட்டருக்குச் சற்று மேல். ‘சற்று மேல்’ ஏன்? ஒவ்வொரு கல்லும் போகப் போகப் படகு இலேசாகிறது. பத்தாவது கல் முதல் கல்லைவிட அதிகம் தள்ளுகிறது. கன்ஸ்டன்டீன் சியோல்கோவ்ஸ்கி என்ற ரஷ்யப் பள்ளி ஆசிரியர் 1903இல் வெளியிட்ட புகழ் பெற்ற ராக்கெட் சமன்பாட்டின் கருவும் இதுவே.

இங்கே ஒன்றைக் கவனியுங்கள். கல் தண்ணீரில் விழுந்த பிறகா படகு நகர்ந்தது? இல்லை. கல் கையை விட்டு நீங்கும்போதே நகர்ந்துவிட்டது. கல் எதன்மீது போய் மோதுகிறது என்பதைப் பற்றிப் படகுக்குக் கவலையே இல்லை. இதை வகுப்பில் எத்தனை முறை சொன்னாலும், ‘ராக்கெட் காற்றைத் தள்ளித்தானே சார் மேலே போகிறது?’ என்று ஆண்டுதோறும் ஒரு மாணவராவது கேட்கிறார். அவரை நான் கோபிப்பதில்லை. பெரிய இடங்களிலேயே இந்தத் தவறு நடந்திருக்கிறது. 1920 ஜனவரியில் ‘நியூயார்க் டைம்ஸ்’ நாளேடு, ராக்கெட் ஆராய்ச்சியாளர் ராபர்ட் கோடார்டைக் கேலி செய்து தலையங்கம் எழுதியது. வெற்றிடத்தில் தள்ளுவதற்கு எதுவும் இல்லையே, பள்ளி மாணவனுக்குத் தெரிந்தது இவருக்குத் தெரியவில்லையே என்பது அதன் சாரம். 1969 ஜூலையில் அப்பல்லோ 11 சந்திரனை நோக்கிப் போய்க்கொண்டிருந்தபோது அந்த நாளேடு தன் தவற்றுக்கு வருத்தம் தெரிவித்தது. கோடார்டு 1945லேயே காலமாகிவிட்டார்.

இப்போது தகரப் படகின் புதிருக்கு வருவோம். எரியும் மெழுகுவர்த்தியை ஓர் அடி தூரத்திலிருந்து ஊதி அணைக்கலாம். அதே தூரத்திலிருந்து உறிஞ்சி அணைத்துப் பாருங்கள், முடியாது. ஊதும்போது காற்று ஒரே தாரையாய் ஒரே திசையில் போகிறது. உறிஞ்சும்போதோ எல்லாப் பக்கங்களிலிருந்தும் மெல்ல வந்து சேர்கிறது. தகரப் படகிலும் வெளியேறும் நீர் நேரே பின்னோக்கிப் பாயும் தாரை. அதன் உந்தம் படகை விட்டுப் போய்விடுகிறது. உள்ளே வரும் நீரோ எல்லாத் திசைகளிலிருந்தும் திரண்டு வருகிறது. குழாயில் ஏறும்போது அது பெறும் முன்னோக்கிய உந்தத்தையும் உள்ளே நின்றதும் படகுக்கே திருப்பிக் கொடுத்துவிடுகிறது. ஆகவே உறிஞ்சும்போது நட்டம் ஏறக்குறைய ஒன்றுமில்லை. கடலில் கணவாய் மீன் இப்படித்தான் நீரை உறிஞ்சி, ஒரு சிறு குழல் வழியே பீச்சி, எதிர்த் திசையில் பாய்ந்து தப்புகிறது.

ஒரு பொருளை ஒரு பக்கம் எறிந்து மறுபக்கம் தள்ளுவிசை பெறும் இத்தகைய கருவிகளுக்கு ‘திரஸ்டர்’ என்று பெயர். நாம் உந்துபொறி என்று சொல்வோம். கப்பலிலும் உண்டு, விண்கலத்திலும் உண்டு. ஆனால் இரண்டும் ஒன்றுக்கொன்று நேர் எதிரான சிக்கனக்காரர்கள். எப்படி என்று ஒரு கணக்குப் போட்டால் தெரியும்.

1,000 நியூட்டன் தள்ளுவிசை வேண்டும். ஒரு வினாடியில் எறியும் நிறையை அதன் வேகத்தால் பெருக்கினால் அதுவே விசை. வினாடிக்கு 1,000 கிலோகிராம் நீரை 1 மீட்டர் வேகத்தில் தள்ளலாம். அல்லது 10 கிலோகிராம் நீரை 100 மீட்டர் வேகத்தில் பீச்சலாம். விசை ஒன்றுதான். செலவு? இயக்க ஆற்றல் என்பது நிறையில் பாதியை வேகத்தின் இருமடியால் பெருக்கி வருவது. முதல் வழியில் நீருக்குக் கொடுக்கும் திறன் 500 வாட். இரண்டாவதில் 50,000 வாட். நூறு மடங்கு! கப்பல்காரருக்கு எறிவதற்கான நீர் கடல் முழுவதும் இலவசமாகக் கிடைக்கிறது. அவர் காசு கொடுப்பது எரிஎண்ணெய்க்கு. எனவே நிறைய நீரை மெதுவாகத் தள்ளுவதே அவருக்கு லாபம். பெரிய சரக்குக் கப்பல்களின் விசிறி அவ்வளவு அகலமாகவும் அவ்வளவு மெதுவாகச் சுழல்வதாகவும் இருப்பதன் காரணம் இதுதான்.

கப்பலில் உந்துபொறி என்றே பெயர் பெற்றது வேறொன்று. கப்பலைத் திருப்பப் பின்னால் சுக்கான் இருக்கிறது. ஆனால் சுக்கான் தானாகத் தள்ளுவதில்லை. அதன்மீது நீர் ஓடினால்தான் அதற்கு வலு. துறைமுகத்தில் ஏறக்குறைய நின்றுவிட்ட கப்பலுக்குச் சுக்கான் வெறும் பலகை. பத்தாயிரக் கணக்கான டன் நிறையைத் துறைமேடை ஓரமாய்ப் பக்கவாட்டில் ஒதுக்க வேண்டும். சற்றே பிசகினால் மேடையும் உடையும், கப்பலும் உடையும். இழுவைப் படகுகள் வந்து முட்டித் தள்ளுவது ஒரு வழி. மற்றொரு வழி, நம் மீனவர்கள் அணியம் என்று அழைக்கும் முன்பகுதியில், நீர்மட்டத்துக்குக் கீழே, இடமிருந்து வலமாக ஒரு சுரங்கம் போன்ற குழாய் அமைத்து அதனுள் ஒரு விசிறியைப் பொருத்துவது. விசிறி நீரை வலப்பக்கம் தள்ளினால் கப்பலின் தலை இடப்பக்கம் நகரும். கப்பல் வேகமெடுத்துவிட்டால் இந்தப் பொறியின் பலன் வெகுவாகக் குறைந்துவிடும்; அப்போது சுக்கானே போதும்.

இனி விண்வெளி. அங்கே எறிவதற்குக் கடல் இல்லை. எறியும் ஒவ்வொரு கிராமையும் பூமியிலிருந்தே தூக்கிச் செல்ல வேண்டும். மேற்சொன்ன முதல் வழியைப் பின்பற்றினால் 1,000 கிலோகிராம் ஒரே வினாடியில் தீர்ந்துவிடும்! எனவே ஆற்றல் எவ்வளவு செலவானாலும் சரி, கொஞ்சம் நிறையை மிக மிக வேகமாக எறிய வேண்டும். ஏரியில் கல்லுக்கு வினாடிக்கு 5 மீட்டர் கொடுத்தீர்கள். சிறிய விண்கலங்களின் உந்துபொறிகளில் ஹைட்ரசீன் என்ற திரவம், வினையூக்கி ஒன்றின்மீது பட்டதும் சிதைந்து, சூடான வாயுவாகி வினாடிக்கு 2 கிலோமீட்டருக்கு மேற்பட்ட வேகத்தில் வெளியேறுகிறது. ஒன்றையொன்று தொட்டாலே தீப்பற்றும் இரு திரவங்களைக் கலப்பது இன்னொரு வகை. தீப்பொறியே தேவையில்லை, வால்வைத் திறந்தால் எரியும், மூடினால் அணையும்.

மூடினால் அணையும் என்று சொன்னேன். மூடாவிட்டால்? 1966 மார்ச் 16 அன்று நீல் ஆம்ஸ்ட்ராங், டேவிட் ஸ்காட் இருவரும் ஜெமினி 8 கலத்தில் பூமியைச் சுற்றிக்கொண்டிருந்தனர். ஓர் உந்துபொறி மூடாமல் எரிந்துகொண்டே இருந்தது. சுமார் 100 நியூட்டன் விசைதான். பத்துக் கிலோ அரிசி மூட்டையின் எடை. ஆனால் தேய்த்து நிறுத்தக் காற்றோ நீரோ இல்லாத இடத்தில் சிறு விசைகூட நாழி ஆக ஆகச் சேர்ந்துகொண்டே போகும். கலம் வினாடிக்கு ஏறத்தாழ ஒரு சுற்று என்ற அளவில் சுழலத் தொடங்கியது. இன்னும் சிறிது நேரம் போயிருந்தால் இருவரும் நினைவிழந்திருப்பார்கள். ஆம்ஸ்ட்ராங் அந்தத் தொகுதி முழுவதையும் நிறுத்திவிட்டு, பூமிக்குத் திரும்பும்போது பயன்படுத்தவென்று வைத்திருந்த தனி உந்துபொறிகளை எதிர்த் திசையில் எரியவைத்துச் சுழற்சியை அடக்கினார். பயணத்தைப் பாதியில் முடித்துக்கொண்டு பசிபிக் கடலில் வந்து இறங்கினர். விண்ணில் ஒரு கலத்தைத் திருப்ப ஒரு தட்டுப் போதாது, நிறுத்த எதிர்த் தட்டு ஒன்றும் வேண்டும் என்பதை இதைவிடத் தெளிவாக எந்தப் பாடநூலும் சொல்லவில்லை.

இதற்கு நேர்மாறான அச்சம் நம் மங்கள்யானுக்கு இருந்தது: பொறி எரியுமா? 2013 நவம்பர் 5 அன்று புறப்பட்ட அந்தக் கலத்தில் 440 நியூட்டன் தள்ளுவிசை கொண்ட ஒரே ஒரு முதன்மைப் பொறி. துணைக்கு 22 நியூட்டன் பொறிகள் எட்டு. டிசம்பர் 1 அன்று பூமியின் பிடியிலிருந்து விடுபடப் பெரிய பொறி எரிந்தது. அதன் பிறகு ஏறத்தாழ 300 நாட்கள் உறக்கம். அரிக்கும் தன்மை கொண்ட திரவங்கள் அத்தனை நாள் தேங்கிய பிறகு வால்வுகள் ஒழுங்காகத் திறக்குமா? திறக்காவிட்டால் கலம் செவ்வாயைக் கடந்து வெறும் வெளிக்குப் போய்விடும். வானொலிச் செய்தி ஒருவழியில் சென்று சேரவே 12 நிமிடங்களுக்கு மேல் ஆகும் தூரம். கூடவிருந்து ஓட்ட முடியாது. ஆகவே 2014 செப்டம்பர் 22 அன்று, செவ்வாயை அடைவதற்கு இரண்டு நாள் முன்னதாக, பெரிய பொறியை ஏறத்தாழ 4 வினாடி மட்டும் எரியவைத்துச் சோதித்தார்கள். எரிந்தது. கலத்தின் வேகம் வினாடிக்கு ஏறத்தாழ 2.2 மீட்டர் மாறியது. செலவு அரைக் கிலோவுக்குச் சற்று மேல், 0.57 கிலோகிராம்.

பென்சிலை எடுங்கள். 440 நியூட்டன், 4 வினாடி, பெருக்கினால் 1,760. இதுவே கலம் பெற்ற உந்தம். இதை வேக மாற்றமான 2.2 ஆல் வகுத்தால் 800 கிலோகிராம். பல கோடி கிலோமீட்டருக்கு அப்பால் இருந்த கலத்தை வீட்டிலிருந்தே நிறுத்துவிட்டீர்கள்! புறப்படும்போது அது 1,337 கிலோகிராம். மீதி வழியில் எரிந்த எரிபொருள். இப்போது அதே 1,760ஐ 0.57 ஆல் வகுத்துப் பாருங்கள். 3,000க்குச் சற்று மேல் வருகிறது. வாயு வெளியேறிய வேகம் வினாடிக்கு 3 கிலோமீட்டர் என்று பொருள். செப்டம்பர் 24 அன்று அதே பொறி, எட்டுச் சிறு பொறிகளின் துணையோடு, இருபது நிமிடங்களுக்கும் மேலாக எரிந்து கலத்தைச் செவ்வாயின் சுற்றுப்பாதையில் நிறுத்தியது. பெரிய பொறி காலை வாரியிருந்தால் எட்டுச் சிறியவற்றை மட்டும் கொண்டு சமாளிக்கவும் திட்டம் இருந்தது. அதற்கு அவசியம் ஏற்படவில்லை.

எரிப்பதால் கிடைக்கும் வேகத்துக்கு எல்லை உண்டு. வேதியியல் அதற்குமேல் தராது. இன்னும் வேகமாக எறிய வேண்டுமானால் மின்சாரத்தை நாட வேண்டும். செனான் வாயுவின் அணுக்களை மின்னூட்டம் பெற்ற அயனிகளாக்கி, மின்னழுத்தத்தால் முடுக்கி வெளியே எறியும் அயனி உந்துபொறியில் வேகம் வினாடிக்கு 30 கிலோமீட்டர் வரை போகிறது. அமெரிக்கா 1998இல் அனுப்பிய ‘டீப் ஸ்பேஸ் 1’ இவ்வகை. ஆனால் வேகம் பத்து மடங்கானால், அதே விசைக்குத் திறனும் பத்து மடங்கு வேண்டும் அல்லவா? சூரியப் பலகைகள் பொறிக்குத் தருவதோ இரண்டு கிலோவாட்டுக்குச் சற்று மேல். ஆகவே தள்ளுவிசை அதிகபட்சம் 0.09 நியூட்டன் அளவே. உள்ளங்கையில் இரண்டு காகிதத் தாள்களை வைத்துக்கொள்ளுங்கள்; அந்தப் பாரம்தான். அதைக் கொண்டு 490 கிலோகிராம் கலத்தை நகர்த்த வேண்டும்.

முடுக்கம் காண 0.09ஐ 490 ஆல் வகுங்கள். ஒரு நாளில் 86,400 வினாடிகள், அதனால் பெருக்குங்கள். வினாடிக்கு ஏறத்தாழ 16 மீட்டர், அதாவது மணிக்கு 57 கிலோமீட்டர் வருகிறதா? நாள் முழுதும் தள்ளி ஒரு பேருந்தின் வேகம்! ஆனால் டீப் ஸ்பேஸ் 1 இந்தப் பொறியை மொத்தம் 16,000 மணி நேரத்துக்கு மேல் ஓட்டியது. முழு விசையுடனேயே ஓடியிருந்தால் எவ்வளவு வேகம் சேர்ந்திருக்கும் என்று கணக்கிடுங்கள். உண்மையில் சேர்ந்தது வினாடிக்கு 4.3 கிலோமீட்டர். உங்கள் விடை அதைவிட மிகுதியாக வரும். கலம் சூரியனை விட்டு விலகும்போது சூரியப் பலகைகளில் என்ன மாறும் என்று எண்ணினால் காரணம் பிடிபடும்.