நாடகாசிரியரும் அவர் சரிதங் காத்த மாணாக்கரும்

நம் புதுக்கோட்டை ஜில்லாவின் கிராமங்களில், கோயில் திருவிழாக்களின்போது விடியவிடிய நடைபெறும் வள்ளி திருமண நாடகத்தை நம்மிற் பலர் பாய் விரித்தமர்ந்து கண்டிருப்போம். அந்நாடகத்தை எழுதியவர் யாவரெனின் விடை கூறுவோர் சிலரே. அவர்தாம் சங்கரதாஸ் சுவாமிகள்.

1867-ஆம் ஆண்டு தூத்துக்குடியிற் பிறந்த சுவாமிகள், அக்காலத்துச் சமஸ்தானமாயிருந்த புதுக்கோட்டைக்குப் போந்து, கஞ்சிரா மேதை மான்பூண்டியா பிள்ளையவர்களுடன் சில காலம் தங்கினார். பிள்ளையவர்கள் அவரைத் தம் புதல்வராகவே ஏற்றுக்கொண்டனர். சுவாமிகளின் பாடல்களில் தாளக்கட்டுப் பிசகாது நிற்றற்கு இவ்வூர் வாசமும் ஒரு காரணமென நாம் கருதுகின்றோம். ஊரபிமானம் என்பார் சொல்லிக்கொள்க!

வயதுவந்த நடிகர்கள் பாடத்தை விடுத்து மேடையில் மனம்போன போக்கிற் தர்க்கமிடுதல் சுவாமிகளுக்குச் சகிக்கவில்லை. ஆதலின் 1918-இல் மதுரையில் சிறுவரைக் கொண்டே தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையை நடத்தலானார். அதில் தம் தமையன்மாரோடு சேர்ந்த ஆறு வயதுப் பாலகரே டி. கே. சண்முகம். இவருக்காகவே சுவாமிகள் அபிமன்யு நாடகத்தை ஒரே இரவில் எழுதி முடித்தனராம். இதனைச் சண்முகமே பின்னாளிற் பதிவு செய்திருக்கின்றார்.

1921-இல் சுவாமிகளைப் பக்கவாதம் பற்றியது, பேச்சு நின்றது. மறுவருடம் நவம்பர் 13-ஆம் நாள் புதுச்சேரியில் மறைந்தார். அவருடைய வாழ்க்கைச் செய்திகளோ, உடனிருந்தோர் நினைவிலேயே தங்கியிருந்தன. நடிகர் ஒருவர் மறைந்தால் அவர் அறிந்த வரலாறும் உடன் மறையும் நிலைமை.

சண்முகமும் சகோதரர்களும் 1925-இற் சொந்தக் கம்பெனி கண்டனர். 1942-இல் முப்பது வயது ஆடவராகிய அவர் ஔவை மூதாட்டியாக நடித்து, ஔவை சண்முகம் என்றே வழங்கப்பெற்றார். 1944-இல் ஈரோட்டில் நாடகக் கலை மாநாடு கூட்டியதும் இக்குழுவினரே. எனினும் அவர் மேடையில் பெற்ற புகழினும் எழுதிவைத்த ஏடே பெரிதென்பது நம் துணிபு. நாடகம் முடிந்தால் திரை விழும். நடிப்பைக் கையிற் பிடித்து வைத்தல் எங்ஙனம்? ஆசிரியர் சரிதத்தைத் தனி நூலாக எழுதினார். 'எனது நாடக வாழ்க்கை' என்னும் பெருநூலில், கம்பெனி ஊரூராய்ச் சென்றதையும், வசூல் குன்றி வருந்தியதையும், பெயர் மறந்துபோன சக நடிகரையுங்கூட விடாது வரைந்தார்.

அந்நூல் 1972-இல் வெளிவந்தது. மறுவருடம் பிப்ரவரி மாதத்தில் சண்முகம் காலமானார்.