மூளைத்தண்டு: உறங்காத காவலன்

பத்தாம் வகுப்பு ‘ஆ’ பிரிவு மாணவி

‘எண்சாண் உடம்புக்குச் சிரசே பிரதானம்’ என்பது நம் முன்னோர் வாக்கு. அச்சிரசினுள் பிரதானமானது எது என்று கேட்டால், சென்ற ஆண்டு வரை நான் பெருமூளை என்றே விடை எழுதியிருப்பேன். சிந்தனை, நினைவு, பேச்சு யாவும் அங்கேதானே உள்ளன! அவ்விடை முழுமையானதன்று என்பதை வகுப்பறையில் அல்ல, ஒரு மருத்துவமனையில் கற்றுக்கொண்டேன்.

அரையாண்டு விடுமுறையில் ஒரு நாள் என் அம்மாச்சி அடுக்களையில் மயங்கி விழுந்தார்கள். பதறிப்போன நான் ஒரு தம்ளர் தண்ணீரை அவர்கள் வாயில் ஊற்றிவிட்டேன். உடனே புரையேறி அம்மாச்சி இருமினார்கள். உதவி செய்ததாகவே நான் எண்ணினேன்.

இரத்த அழுத்தம் மிகுந்ததால் மூளையின் இடப்பக்கத்தில், தலாமஸ் அருகே ஓர் இரத்தக்குழாய் வெடித்திருப்பதாக மருத்துவர் கூறினார். கண் இமைகளைத் திறந்து டார்ச் அடித்துப் பார்த்தார். கண்ணின் பாவை சுருங்கியது. “மூளைத்தண்டு வேலை செய்கிறது, நம்பிக்கையோடு இருங்கள்” என்றார். அச்சொல்லின் பொருளைத் தேடிப் படித்ததையே இங்கு எழுதுகிறேன்.

பெருமூளைக்கு அடியில், மூளையின் நடுவே அமைந்திருப்பது டயன்செஃபலான். இதன் பெரும்பகுதி தலாமஸ் ஆகும். முட்டை வடிவில் இரண்டு தலாமஸ்கள் உள்ளன. நாம் காண்பதும் கேட்பதும் தொடுவதும் இதன் வழியாகவே பெருமூளைக்குச் செல்கின்றன. மணம் மட்டும் இங்கு வராமலே நேராகப் பெருமூளையை அடைந்துவிடும். தலாமஸுக்குக் கீழே இருப்பது ஹைபோதலாமஸ். ஒரு பாதாம் பருப்பின் அளவே உள்ள இது உடல் வெப்பம், பசி, தாகம், உறக்கம் ஆகியவற்றைச் சீராக்குகிறது. பிட்யூட்டரி சுரப்பியையும் ஆள்கிறது. பின்புறமுள்ள பீனியல் சுரப்பி இரவில் மெலடோனின் சுரந்து உறங்கும் நேரத்தை உடலுக்கு உணர்த்துகிறது.

டயன்செஃபலானிலிருந்து தண்டுவடம் வரை இறங்குவதே மூளைத்தண்டு. இதன் நீளம் ஏறக்குறைய 3 அங்குலமே. மூளையிலிருந்து புறப்படும் 12 இணை நரம்புகளுள் 10 இணைகள் இதனோடு தொடர்புடையவை. இதில் மூன்று பகுதிகள் உண்டு.

முதலாவது நடுமூளை. கண்ணில் ஒளி பட்டதும் பாவையைச் சுருக்குவது இதுவே. மருத்துவர் டார்ச் அடித்துச் சோதித்தது இதைத்தான்.

இரண்டாவது பான்ஸ். இது பெருமூளையையும் சிறுமூளையையும் இணைக்கிறது. முகத்தின் உணர்ச்சிக்கும் மெல்லுதலுக்கும் உரிய நரம்பு இங்கிருந்தே கிளம்புகிறது.

மூன்றாவது முகுளம். மூச்சு, இதயத் துடிப்பு, இரத்த அழுத்தம், விழுங்குதல், இருமல் ஆகியவை இதன் பொறுப்பு. பெருமூளையிலிருந்து தசைகளுக்குச் செல்லும் நரம்பிழைகளில் பெரும்பாலானவை இங்கே இடம் வலமாக மாறுகின்றன. ஆகவேதான் மூளையின் இடப்பக்கம் பாதிக்கப்பட்ட அம்மாச்சிக்கு வலக்கை அசையவில்லை.

நாம் அயர்ந்து உறங்கும்போதும் மூளைத்தண்டு விழித்திருந்து மூச்சை நடத்துகிறது. இது முற்றிலும் செயலிழந்து மீளாத நிலையை அடைந்தால், இதயம் துடித்துக்கொண்டிருந்தாலும் அதனை மரணம் என்றே 1994ஆம் ஆண்டின் இந்திய உறுப்பு மாற்றுச் சட்டம் ஏற்கிறது. மூன்று அங்குலத்தின் பெருமை இது!

நான்காம் நாள் அம்மாச்சி கண் விழித்தார்கள். அன்றுதான் துணிந்து, தண்ணீர் ஊற்றியதை மருத்துவரிடம் ஒப்புக்கொண்டேன். அவர் என்னைக் கடிந்துகொள்ளவில்லை. “நினைவில்லாதவருக்குச் சரியாக விழுங்க வராதம்மா. தண்ணீர் மூச்சுக்குழாய்க்குள் போய்விடும். நல்ல வேளை, முகுளம் விழித்திருந்து இருமச் செய்தது” என்றார்.

தோழியரே, யாரேனும் நினைவிழந்து விழுந்தால் தண்ணீரோ சோடாவோ வாயில் ஊற்றாதீர்கள். மூச்சு இருக்கிறதா என்று பாருங்கள். மூச்சு சீராக இருந்தால் ஒருக்களித்துப் படுக்க வையுங்கள். தாமதமின்றி 108க்குத் தகவல் கொடுங்கள்.

அம்மாச்சி இப்போது இடக்கையால் சாப்பிடப் பழகுகிறார்கள். தண்ணீர்த் தம்ளரை நான்தான் எடுத்துக் கொடுக்கிறேன். அவர்கள் நன்றாக நிமிர்ந்து உட்கார்ந்த பிறகே கொடுக்கிறேன்.