சூரிய ஒளி வந்துசேர 15,800 கோடி ஆண்டுகளா?

நம்பிக்கை: எண்ணைப் பத்தின் அடுக்கில் எழுதத் தெரிந்தால் போதும், வகுத்தலைக் கால்குலேட்டர் பார்த்துக்கொள்ளும்.

பார்த்துக்கொள்ளாது. சூரியனுக்கும் பூமிக்கும் இடையே சராசரியாக 1.496 × 10¹¹ மீட்டர். ஒளியின் வேகம் நொடிக்கு 2.998 × 10⁸ மீட்டர். தூரத்தை வேகத்தால் வகுத்தால் ஒளி வந்துசேரும் நேரம் கிடைக்க வேண்டும். தாளில் இருக்கிறபடியே, சாதாரணப் பெருக்கல் பொத்தானை வைத்து 1.496 × 10¹¹ ÷ 2.998 × 10⁸ என்று வரிசையாக அடித்துப் பாருங்கள். 4.99 × 10¹⁸ நொடி என்று வந்து நிற்கும். ஆண்டுக்கு மாற்றினால் ஏறக்குறைய 15,800 கோடி. பிரபஞ்சத்தின் வயதே சுமார் 1,380 கோடி ஆண்டுதான்!

கருவி பழுதில்லை. அது இடமிருந்து வலமாகப் போகிறது. 2.998-ஆல் வகுத்தது, அடுத்து வந்த 10⁸-ஐப் பெருக்கல் குறியோடு பார்த்ததால் பெருக்கிவிட்டது. நமக்கு 2.998 × 10⁸ ஒரே எண். அதற்கு அது இரண்டு எண்கள். கழிக்க வேண்டிய 8 கூடிப்போனதால், விடை இரண்டு எட்டுகள் தள்ளி, அதாவது 10¹⁶ மடங்கு பெரிதாகிவிட்டது. வகுக்கிற எண்ணை அடைப்புக்குறிக்குள் போடுங்கள். அல்லது அறிவியல் கால்குலேட்டரில் இதற்கென்றே இருக்கும் பொத்தானைப் பயன்படுத்துங்கள்; பத்தின் மேல் சின்னதாக எக்ஸ் எழுதியிருக்கும், பழைய மாடல்களில் ‘எக்ஸ்ப்’ என்றிருக்கும். அதில் அடித்தால் முழுவதையும் ஒரே எண்ணாக எடுத்துக்கொள்ளும். சரியான விடை 499 நொடி, அதாவது 8 நிமிடம் 19 நொடி.

இன்னொன்று: திரையில் எண்ணுக்கு நடுவே ‘ஈ’ எழுத்து வந்தால் ‘எரர்’ என்று பலர் நினைத்துக்கொள்கிறார்கள். அது ‘பத்தின் அடுக்கு’ என்பதற்கான சுருக்கம், அவ்வளவுதான். எக்செலில் 12 இலக்க ஆதார் எண்ணை அப்படியே அடித்தால் ஈ போட்டுச் சுருக்கிக் காட்டுவதும் இதே சங்கதிதான். எண் உள்ளே பத்திரமாகத்தான் இருக்கிறது. 16 இலக்க வங்கி அட்டை எண் என்றால்தான் ஆபத்து. எக்செல் 15 இலக்கம்வரைதான் காப்பாற்றும், கடைசி இலக்கம் பூஜ்ஜியமாகிவிடும்.

நம்பிக்கை: எண்ணை வகுப்பதுபோல அடுக்கையும் வகுக்க வேண்டும்.

ஒரு கோடியில் எத்தனை லட்சம்? நூறு. கோடி 10⁷, லட்சம் 10⁵, நூறு 10². ஏழிலிருந்து ஐந்து போனால் இரண்டு. ஏழை ஐந்தால் வகுத்து 1.4 என்று யாரும் சொல்லமாட்டோம். ஆனால் 10¹² ÷ 10⁴ என்று தேர்வுத்தாளில் வந்தால் மட்டும் 12-ஐ 4-ஆல் வகுத்து 10³ என்று எழுதுகிற கை நிறைய இருக்கிறது. சரியாக வகுபடும் எண்கள்தான் ஏமாற்றும். கோடியைக் கோடியால் வகுத்தால் 10⁰. அது பூஜ்ஜியமல்ல, ஒன்று.

இனி மைனஸ். சறுக்குபவர்களில் பெரும்பாலோர் சறுக்குவது இங்கேதான் என்பது என் அபிப்பிராயம். புரோட்டானின் நிறை 1.673 × 10⁻²⁷ கிலோகிராம், எலக்ட்ரானின் நிறை 9.109 × 10⁻³¹ கிலோகிராம். புரோட்டான் எத்தனை மடங்கு கனம்? அடுக்குகளைக் கழிக்க வேண்டும்: −27-லிருந்து −31-ஐக் கழித்தால், −27 + 31 = 4. அவசரத்தில் இரண்டு மைனஸையும் ஒன்றாகச் சேர்த்து −58 என்று எழுதிவிடுகிறார்கள். அப்படியானால் புரோட்டான் எலக்ட்ரானைவிடக் கற்பனைக்கெட்டாத அளவு லேசாகிவிடும்! இந்தத் தவறைப் பிடிக்கக் கணக்கைத் திரும்பப் போட வேண்டியதில்லை. −31 என்பது −27-ஐவிடச் சிறியது, ஆகவே எலக்ட்ரான்தான் லேசு, விடை ஒன்றைவிடப் பெரிதாக வர வேண்டும். 31 பெரிய எண்ணாகக் கண்ணில் படுவதால் 10⁻³¹ பெரியது என்று தோன்றுவதுதான் குழப்பத்தின் வேர்.

அடுத்து 1.673-ஐ 9.109-ஆல் வகுத்தால் 0.1837. ஆக 0.1837 × 10⁴. இங்கே சிலர் ‘முன்னால் பூஜ்ஜியம் வந்துவிட்டது, விடை தப்பு’ என்று பயந்து அழித்துவிடுகிறார்கள். மதிப்பு சரிதான், எழுதிய முறைதான் இன்னும் முடியவில்லை. முன்னால் நிற்கும் எண் 1-க்குக் குறையாமலும் 10-க்குள்ளும் இருக்க வேண்டும் என்பது வழக்கம். புள்ளியை ஓரிடம் வலப்பக்கம் தள்ளி, அடுக்கில் ஒன்றைக் குறைத்தால் 1.837 × 10³. புத்தகங்களில் இருக்கும் 1,836 மடங்குக்கும் இதற்கும் உள்ள சின்ன வித்தியாசம், நிறைகளை நான்கு இலக்கத்தோடு நிறுத்திக்கொண்டதால் வந்தது. நீட் தேர்வில் கால்குலேட்டர் கிடையாது. அங்கே அடுக்கை முதலில் கழித்துவிட்டு, அதன் பிறகு முன்னால் உள்ள எண்களைக் குத்துமதிப்பாக வகுப்பது நல்லது. முன்னெண்ணில் சற்றுப் பிசகினால் விடை கொஞ்சம்தான் நகரும். அடுக்கில் ஒன்று பிசகினால் பத்து மடங்கு போய்விடும்.

நம்பிக்கை: வகுத்தால் எண் சிறிதாகும், சின்னதைச் சின்னதால் வகுத்தால் இன்னும் சின்னதாகும்.

ஒரு மில்லிலிட்டருக்கு இருபது துளி என்று கொண்டால், ஒரு துளித் தண்ணீரின் எடை 5 × 10⁻² கிராம். ஒரு நீர் மூலக்கூறு சுமார் 3 × 10⁻²³ கிராம். முதலாவதை இரண்டாவதால் வகுங்கள். அடுக்கு −2 + 23 = 21, ஐந்தை மூன்றால் வகுத்தால் 1.67. ஒரு துளியில் 1.67 × 10²¹ மூலக்கூறுகள்! கோடி கோடி கோடி என்று மூன்று முறை அடுக்கினால் 10²¹ ஆகும். வகுக்கிற எண் பூஜ்ஜியத்துக்கும் ஒன்றுக்கும் இடையில் இருந்தால் விடை எப்போதும் பெருகத்தான் செய்யும்.

கடைசியாக, திரையில் வருகிற இலக்கமெல்லாம் விடை என்ற நம்பிக்கை. ஒளிக் கணக்கைக் கால்குலேட்டர் 498.999333 என்று நீட்டும். நாம் கொடுத்ததோ நான்கு நான்கு இலக்கங்கள். போதாக்குறைக்கு, அந்தத் தூரமே வருடம் முழுக்க ஒன்றாக இருப்பதில்லை. ஜனவரித் தொடக்கத்தில் பூமி சூரியனுக்கு மிக அருகே, 1.471 × 10¹¹ மீட்டரில் இருக்கிறது. ஒளி 491 நொடியில் வந்துவிடும். ஜூலைத் தொடக்கத்தில் 1.521 × 10¹¹ மீட்டர், 507 நொடி. பதினாறு நொடி ஏறி இறங்குகிற கணக்கில் புள்ளிக்குப் பின்னால் ஆறு இலக்கத்தை எழுதி என்ன பயன்? சராசரியாக 499 நொடி என்று எழுதினால் போதும்.